கழுவாத புலி

"பல்லு இன்னும் பெருசா வேணும் ஆன்ட்டி. ரத்தம் சொட்டுற மாதிரி."

ஷர்லியின் கையில் இருந்த பிரஷ் நின்றது. எதிரே ஸ்டூலில் உட்கார்ந்திருந்த இசைவாணிக்கு ஏழு வயதுதான். இமைக்காமல் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

கோடை லீவில் வீட்டிலேயே முகத்தில் வரையும் பேஸ் பெயின்டிங் பழகலாம் என்று ஷர்லி ஆரம்பித்து ஒரு வாரம்தான் ஆகிறது. கை பழகிவிட்டால் பிறந்தநாள் விழாக்களுக்குப் போகலாம் என்று ஆசை. திருக்கோகர்ணத்தில் அந்தத் தெருப் பிள்ளைகள் எல்லாம் பூ, பட்டாம்பூச்சி என்று கேட்டு வரைந்துகொண்டு ஓடின. எதிர்வீட்டு இசைவாணிக்கு மட்டும் தினமும் புலிதான். ஒவ்வொரு நாளும் முந்தைய நாளைவிடக் கொடூரமாக.

"யாரப் பயமுறுத்தப் போற?"

இசைவாணி கண்ணாடிக்கு இன்னும் நெருங்கினாள். "ராத்திரி வரைக்கும் அழியாதுல்ல ஆன்ட்டி?"

"தூங்குறதுக்கு முன்னாடி கழுவிரணும். இல்லாட்டி அரிக்கும்."

"நான் கழுவ மாட்டேன்."

குழந்தை பேசுகிற குரலாக அது இல்லை. ஷர்லிக்கு என்னவோ போல் ஆயிற்று.

மறுநாள் காலை வாசல் தெளிக்கும்போது எதிர்வீட்டைப் பார்த்தாள். ஜன்னலில் இசைவாணி. கன்னத்தில் மஞ்சளும் கறுப்பும் திட்டுத் திட்டாக அப்படியே இருந்தன.

வாசலில் அவள் அம்மா பிரகதாம்பாள் நின்றாள். அந்த வெக்கையிலும் முந்தானையைக் கழுத்து வரை இழுத்துப் போர்த்தியிருந்தாள். ஷர்லி சிரித்தாள். அவள் சிரிக்கவில்லை; இங்கிட்டே வெறித்துப் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

பெயின்ட்டுக்காகத்தான் கோபமோ என்று ஷர்லி டப்பாவை எடுத்துப் பார்த்தாள். தண்ணீரில் கரைகிற பெயின்ட்தான். காதுக்குப் பின்னால் கொஞ்சம் தடவிப் பார்த்துவிட்டுத்தான் பிள்ளைகளுக்குப் போட்டாள். ஆனாலும் தோலுக்கு ஏதாவது ஆகியிருந்தால்? தெருவே கூடிவிடாதா? பெயின்ட் டப்பாக்களை எல்லாம் அள்ளி அலமாரிக்குள் வைத்து மூடினாள்.

சாயங்காலம் பிரகதாம்பாள் வந்தாள். கூப்பிடாமலே உள்ளே வந்து, கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள்.

ஷர்லி சுவரோரம் ஒதுங்கினாள். "அக்கா, மன்னிச்சிருங்க. இனிமே பாப்பாவுக்கு வரைய மாட்டேன்."

"நிறுத்திராதீங்க."

ஷர்லிக்குப் புரியவில்லை.

"போன வாரம் இசைவாணி அப்பா குடிச்சிட்டு வந்து அவ மேல கையை ஓங்குனாரு. அவ அந்தப் புலி மூஞ்சியோட உர்ருன்னு முன்னால வந்து நின்னா. மனுசன் வெலவெலத்துப் போயிட்டாரு. ஒரு வாரமா அவ மேல கையே வைக்கல."

"அப்ப... நல்லதுதானேக்கா?"

"அவள விட்டுட்டு எம்பக்கம் திரும்பிட்டாரு."

பிரகதாம்பாள் ஸ்டூலை இழுத்துப் போட்டுக் கண்ணாடிக்கு எதிரே உட்கார்ந்தாள். நிமிர்ந்து முகத்தைக் காட்டினாள்.

"எனக்கும் ஒரு புலி வரைஞ்சு விடுங்க."