மெஷினுக்கு மட்டும் நல்ல தண்ணீர்

“எங்க வீட்டு போர் தண்ணியில உப்பு ஜாஸ்திங்க. எஸ்பிரெஸோ காபி மெஷினுக்கு உள்ள குழாயெல்லாம் நூல் மாதிரி இருக்கும். கல்லு படிஞ்சு அடைச்சிக்கிச்சுன்னா அவ்ளோதான்! அதுக்கேத்த ஃபில்டரா பாத்துச் சொல்லுங்க.”

தட்டாஞ்சாவடி ஃபில்டர் கடைக்காரரிடம் போனில் உருகிக்கொண்டிருந்தார் நெடுமாறன்.

பக்கத்தில் படுத்திருந்த மனைவி கலைமகள் மெல்லக் கேட்டாள். “ஏங்க, நாம குடிக்கவும் அதுலயே புடிச்சிக்கலாமா?”

“உனக்கென்ன கலை, நீ எந்தத் தண்ணியையும் தாங்குவ. அது இத்தாலி மெஷின், பாவம்!”

இந்தக் கரிசனத்தில் கால்வாசி தன் பக்கம் திரும்பியிருந்தால், கலைமகள் அவருக்குக் கோயிலே கட்டியிருப்பாள்.

கதவைத் திறந்துகொண்டு வந்த நர்ஸ், ஒரு சின்ன டப்பாவை நெடுமாறன் கையில் வைத்தாள்.

“நேத்து ஆபரேஷன்ல உங்க மிஸஸ் கிட்னியிலேர்ந்து எடுத்த கல்லு சார். இனிமே நல்ல தண்ணியா நிறைய குடிக்கச் சொல்லுங்க.”

நெடுமாறன் டப்பாவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கலைமகள் கை நீட்டி, இன்னும் லைனில் இருந்த போனை வாங்கினாள்.

“அண்ணே, ஃபில்டரை சமையக்கட்டுக் குழாயில மாட்டிடுங்க. மெஷின் போர் தண்ணியே குடிக்கட்டும். அதுக்குக் கல்லு வந்தா இதே கட்டில்ல சேத்துடலாம். இவரு கூடவே இருந்து நல்லா பாத்துப்பாரு!”