படிவத்தில் இல்லாத கேள்வி

"கடைசி பஸ்ல தொத்தினு வந்துட்டே, போ!" என்று சிரித்தார் முதல்வர் கோதண்டராமன்.

கலைமதிக்கு முன்னால் நின்ற இளைஞனும் சிரித்துக்கொண்டே, பணம் கட்டிய ரசீதை வாங்கிக்கொண்டான். அந்த மாலைக் கல்லூரியின் வாசல் பலகையில் 'பி.காம்., 1991–94' என்று ஒட்டியிருந்த பட்டியலில் அவன் பெயர்தான் கடைசி. கம்பெனியில் ஷிப்ட்டை மாற்றிக்கொள்ளும்படி முதல்வர் அவனுக்கு யோசனைகூடச் சொன்னார்.

அவன் நகர்ந்து கதவோரம் போய் நின்றான்.

அதே பட்டியலில் கலைமதியின் பெயர் மூன்றாவது.

முதல்வர் அவளுடைய மார்க் ஷீட்டைப் பார்த்தார். புருவம் உயர்ந்தது. பிறகு அவள் கழுத்தைப் பார்த்தார். உயர்ந்த புருவம் இறங்கிவிட்டது.

வைகாசியில் ஏறிய கயிறு. மஞ்சள் இன்னும் மங்கவில்லை.

"யக்கா, அத்த உள்ள வுட்டுக்கோ" என்று பின்னாலிருந்து கிசுகிசுத்தாள் மெர்சி. வரிசையில் நின்றபோது பழக்கமான பெண்.

கலைமதி கயிற்றை எடுத்து முந்தானைக்கு மேலேயே போட்டுக்கொண்டாள்.

"கல்யாணமான பொண்ணுங்கள இங்க சேர்க்கறதில்லம்மா" என்றார் முதல்வர். "கிளாஸ் முடியவே ராத்திரி எட்டரை ஆயிடும். வீட்ல யாரு சோறாக்கறது?"

வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

"கல்யாணம் ஆச்சான்னு அப்ளிகேஷன்ல ஒரு கேள்வியே இல்லியே சார்."

"கேக்கணுமா? அதான் பார்த்தாலே தெரியுதே."

ப்ளஸ் டூ முடித்த கையோடு மறைமலை நகரில் ஸ்க்ரூ பொட்டலம் கட்டும் வேலைக்குப் போனவள் கலைமதி. கை பொட்டலம் கட்டியது. மனசு இந்த மேஜைக்கு முன்னால்தான் நின்றுகொண்டிருந்தது. இப்போது திரும்பிப் போனால் இனி வரவே முடியாது என்று அவளுக்குத் தெரியும். இந்த வருடம் தாலி. அடுத்த வருடம் வயிறு. அதற்கும் அடுத்த வருடம் இடுப்பில் குழந்தை. சொல்கிறவர்களுக்குக் காரணமா கிடைக்காது?

யாரும் உட்காரச் சொல்லவில்லை. அவளே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"அப்ப அந்தக் காரணத்தையே ஒரு காகிதத்துல எழுதி, கையெழுத்துப் போட்டுக் குடுங்க சார். கவர்மென்ட் பணத்துல நடக்கற காலேஜ் இது. நான் கோர்ட்ல காட்டணும்."

வரிசையில் சிரிப்பு நின்றுவிட்டது.

கோதண்டராமன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். காகிதத்தை எடுக்கவில்லை. பேனாவையும் மூடி வைத்துவிட்டார்.

"வக்கீலாட்டம் பேசறே. உன்கிட்ட எனக்கென்ன பேச்சு? உன் வீட்டுக்காரர வரச் சொல்லு. ஆம்பளைங்க நாங்க பேசிக்கறோம்."

கலைமதிக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள்.

காலையில் சேரப்பணஞ்சேரியில் பஸ் ஏறும்போதே புருஷனிடம் கறாராகச் சொல்லியிருந்தாள், என் மார்க்கு, என் சீட்டு, எனக்காக நீ வாயத் தொறக்கக் கூடாது என்று. கண்டக்டர் பார்த்துக்கொண்டிருக்க, அவனும் அவள் கையில் அடித்துச் சத்தியம் செய்திருந்தான்.

அவள் கதவுப் பக்கம் திரும்பினாள்.

"மாமா, உன்னத்தான் கூப்புடறாரு."

ரசீதும் கையுமாகக் கதவோரம் நின்ற இளைஞன் உள்ளே வந்தான்.

முதல்வர் அவனைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். மறுபடியும் அவனை. அவருடைய கண்கள் தாமாகவே அவன் கழுத்துக்குப் போயின. சட்டைக் காலரைத் தவிர அங்கே ஒன்றும் இல்லை.

சத்தியத்தை அவன் மீறவில்லை. பெண்டாட்டிக்காக ஒரு வார்த்தை பேசவில்லை. ரசீதை மேஜைமேல் வைத்து, அவர் பக்கமாகத் தள்ளினான்.

"எனக்கும் கல்யாணம் ஆயிடுச்சு சார்."