தேய்ந்த நுனி

ஜிம் மாஸ்டர் வந்த வேகத்தில் நகைக்கடையின் கண்ணாடிக் கதவு சுவரில் இடித்துத் திரும்பியது. கழுத்துச் சங்கிலியை அறுக்காத குறையாகக் கழற்றி மேஜைமேல் வீசினார். அதில் தங்கப்பூண் கட்டிய கரடி நகம்.

"யோவ், இது கரடி நகமா, மாட்டுக் கொம்பா?"

கடைக்காரர் தலை நிமிரவில்லை. கல்லாவில் இருந்த அவர் மனைவிக்குத்தான் சுருக்கென்றது. அவள் அப்பா காலத்திலிருந்து நாணயத்துக்குப் பேர் போன கடை. கம்மல் பார்த்துக்கொண்டிருந்த இரண்டு பெண்களும் கம்மலை விட்டுவிட்டு இதைப் பார்க்க ஆரம்பித்தார்கள்.

மாஸ்டரின் மச்சான் மாட்டு டாக்டராம். விருந்துக்கு வந்தவர் நகத்தைப் பார்த்துச் சிரித்துவிட்டாராம். கரடி அந்த நகத்தால்தானே மண்ணைத் தோண்டும், புற்றைப் பெயர்க்கும், மரம் ஏறும். நுனி தேயாமல் ஊசி மாதிரி இருக்குமா என்று அத்தனை பேர் முன்னால் கேட்டாராம். ஊருக்கே வீரம் சொல்லித் தருகிறவர் கொம்பைக் கட்டிக்கொண்டு திரிந்தால் மானம் என்னாவது?

"கொம்புதான்," என்றார் கடைக்காரர். "இங்க வித்தது எல்லாமே கொம்புதான்."

மாஸ்டர் குதித்தார். கடையை இழுத்து மூட வைக்காமல் விடமாட்டேன் என்றார். போலீசைத் தவிர எல்லாரையும் கூட்டி வருவதாக மிரட்டினார். கரடி நகம் கேட்டு வாங்கியவர் போலீசுக்கு எந்த முகத்தோடு போவார்?

அவர் போனதும், கம்மல் பெண்களும் நழுவினார்கள். அப்புறம் மனைவி பிடித்துக்கொண்டாள்.

"எங்கப்பா சேர்த்த பேரை ஒரே நாள்ல மண்ணாக்கிட்டீங்களே. நகம் இல்லேன்னு சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே?"

"இல்லேன்னா வேற எங்கயாவது தேடிப் போவாங்க. எங்கயோ ஒரு கரடி சாகும்."

"கரடியைப் பாத்தீங்க. என்னைப் பாத்தீங்களா? நாளைக்கு நான் எப்படித் தெருவுல தலை காட்டுறது?"

சொல்லும்போதே அவளுக்கு உறைத்தது. கை தானாகக் கழுத்துக்குப் போனது. கல்யாணம் நிச்சயமானபோது அவரிடம் அவள் ஆசைப்பட்டுக் கேட்ட ஒரே பரிசு, இதே மாதிரி ஒரு நகம். அன்றிலிருந்து குளிக்கும்போதுகூடக் கழற்றியதில்லை.

"அப்போ எனக்குக் குடுத்ததும் கொம்புதான். கட்டிக்கப் போறவளையே ஏமாத்தியிருக்கீங்க." ஆத்திரத்தில் அவள் குரல் உடைந்தது.

அவர் அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார்.

"நுனியைப் பாரு."

பார்த்தாள். நுனி மழுங்கித் தேய்ந்திருந்தது. பக்கமெல்லாம் கீறல்கள்.

"அது ஒண்ணுதான் நிஜம்," என்றார். "அதை வாங்கப் போனப்போ கரடி உயிரோடதான் இருந்தது. காலைக் கட்டிப் போட்டிருந்தாங்க. எந்த நகம் வேணும்னு என்கிட்ட கேட்டுட்டுத்தான் பிடுங்கினாங்க."