கணவாய்க்கு மூன்று இதயம்

துக்க வீட்டில் பேசுகிற பேச்சா இது என்று பாலனுக்கு உள்ளம் கொதித்தது.

தந்தை சிவசம்பு இறைவன் திருவடி சேர்ந்து ஒரு வாரம்கூட ஆகவில்லை. பிரிக்பீல்ட்ஸ் வீட்டின் முன்புறம் போட்ட கூடாரம் அப்படியே நின்றது. கூடத்தில் அவர் படத்துக்கு முன்னால் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. சுவரோரமாக விரித்த பாயில் தாய் பூமணி அமர்ந்திருந்தார். மாலையில் பதிகம் ஓத வந்தவர்கள் ஓதி முடித்த பிறகும் கலையாமல் இருந்தார்கள்.

அவர்கள் நடுவில் கனகசபை.

சிவசம்புவோடு ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். காலையிலேயே கிள்ளானிலிருந்து பஸ் ஏறி வந்துவிட்டார். பூமணியின் பாய்க்கு எதிரே நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தவர், எழுந்திருக்கும் வழியாக இல்லை. உலகத்தில் உள்ள விந்தைகளையெல்லாம் படித்துத் தலைக்குள் அடுக்கி வைத்திருப்பவர் என்று அவருக்கு முன்பே ஒரு பெயர் உண்டு. ஆனால் அவற்றை அவிழ்த்து விடுவதற்கு இடம் வேண்டாமா?

ஒட்டகச்சிவிங்கியின் கழுத்தில் எத்தனை எலும்பு என்று கேட்டார். ஆளுக்கொன்று சொன்னார்கள். ஏழுதான், மனிதன் கழுத்திலும் அதே ஏழுதான் என்றார். பூச்சோங்கிலிருந்து வந்திருந்த பழனியப்பன் நம்பிக்கை இல்லாமல் தம் பிடரியைத் தடவி எண்ணத் தொடங்கினார்.

சன்சிபார் தீவில் ஒரு மணி நேரம்கூட நீடிக்காமல் முடிந்துபோன ஒரு போரைப் பற்றிச் சொன்னார்.

"எங்க வீட்டுச் சண்டை அதைவிட நீளம்லா" என்றார் பழனியப்பன். சுற்றியிருந்தவர்கள் சிரித்தே விட்டார்கள்.

ஒலிம்பிக் மராத்தானில் வழியில் மோட்டார் கார் ஏறிக்கொண்டு, எல்லாருக்கும் முன்னால் வந்து நின்ற ஓட்டக்காரரின் கதையும் வந்தது. அந்த ஆள் செய்தது சரியா தவறா என்று கூடத்தில் ஒரு வழக்கே நடந்தது.

பாலன் வாசலில் நின்று வருகிறவர்களை வரவேற்றபடியே இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தான். எவர் வந்து பூமணியின் எதிரில் அமர்ந்து வாயைத் திறந்தாலும், கனகசபை முந்திக்கொண்டார். அடக்கம் என்பதே தெரியாத மனிதர் என்று அவனுக்குத் தோன்றியது.

அப்போது செமினியிலிருந்து குணேஸ்வரி வந்தார். பூமணிக்கு ஒன்றுவிட்ட தங்கை. அருகில் அமர்ந்து அக்காளின் கைகளைப் பற்றிக்கொண்டார்.

"வாங்க குணேஸ்வரி. நீங்க பாசார்ல சோத்தோங் வாங்குவீங்களே, அந்தக் கணவாய் மீனுக்கு எத்தனை இதயம் தெரியுமா?" என்று கேட்டார் கனகசபை. "மூணு."

பாலனுக்குப் பொறுக்கவில்லை. மாரடைப்பால் இறந்தவரின் வீடு. அதிலும், கவுச்சியின் பெயரைக்கூட எடுக்காத நாட்கள். அவன் கனகசபையின் தோளைத் தொட்டு, வெளியே கேட் வரைக்கும் அழைத்துப் போனான்.

"அங்கிள், எங்கப்பா ஹார்ட் அட்டாக்ல போனவரு. நீங்க இங்க வந்து குவிஸ் நடத்துறீங்க."

கனகசபை தலையைக் குனிந்துகொண்டார். "தப்புதான் தம்பி. அவசரத்துல வாய்க்கு வந்தது அதுதான்."

"அம்மா கொஞ்சம் நிம்மதியா இருக்கட்டும். நீங்க கிளம்புங்க."

அவர் திரும்பிக் கூடத்தை ஒருமுறை பார்த்தார். "போறேன் தம்பி. நீங்க வாசல்லயே நிக்காம, அம்மா பக்கத்துல போய் உக்காருங்க" என்று மட்டும் சொல்லிவிட்டு, பஸ் நிறுத்தத்தை நோக்கி நடந்தார்.

பாலன் உள்ளே வந்தான். கூடம் அடங்கியிருந்தது. துக்க வீடு இப்போதுதான் துக்க வீடாக இருக்கிறது என்ற ஆறுதலோடு தாயின் அருகில் அமர்ந்தான்.

"எப்படிக்கா ஆச்சு?" என்று குணேஸ்வரி கேட்டார்.

பூமணி சொன்னார். இரவுச் சாப்பாடு முடிந்ததும் மார்பை அடைக்கிறது என்றாராம் கணவர். வாயுவாக இருக்கும் என்று நினைத்து ஓமத் தண்ணீர் காய்ச்சிக் கொடுத்ததையும், நெஞ்சைத் தேய்த்துவிட்டதையும், அவர் கண்ணயர்ந்ததையும் சொன்னார். விடியற்காலையில் எழுப்பியபோது அவர் எழவில்லை.

"அப்பவே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போயிருந்தா இன்னைக்கு இருந்திருப்பாரேக்கா" என்றார் குணேஸ்வரி. அன்பினால்தான் சொன்னார், சொல்லிவிட்டு அழுதார்.

"ஆமாம்" என்றார் பூமணி.

குணேஸ்வரி எழுந்த இடத்தில் பக்கத்துத் தெருப் புஷ்பவல்லி வந்து அமர்ந்தார். அவரும் எப்படி நடந்தது என்று கேட்டார். பூமணி மறுபடியும் இரவுச் சாப்பாட்டிலிருந்து தொடங்கினார். ஓமத் தண்ணீர் வரைக்கும் ஒன்றுவிடாமல் சொன்னார். டாக்டர் வீடு இதே தெருவில்தானே இருக்கிறது, ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா என்று புஷ்பவல்லி வருந்தினார்.

பூமணி அதற்கும் தலையசைத்தார். வாசலில் இன்னும் சிலர் செருப்பைக் கழற்றும் ஓசை கேட்டது. அவர் மகனின் மணிக்கட்டை இறுகப் பற்றினார்.

"பாலா, கனகசபை அண்ணன் பஸ் ஏறிட்டாரா பாரு. ஓடிப் போய் அவரைக் கூட்டிட்டு வா."

பாலன் திகைத்தான். "என்னம்மா, அவரு பேசின பேச்சு உங்களுக்குக் கஷ்டமா இல்லையா?"

பூமணி மற்றவர்களுக்குக் கேட்காமல் சொன்னார்: "அவரு பேசிக்கிட்டு இருந்த வரைக்கும், உங்கப்பாவ ஏன் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகலன்னு என்னை ஒருத்தரும் கேக்கலடா."