நான்காவது முடிச்சு

தம்பி கட்டிய தாலிக்கு மூன்றாவது முடிச்சைப் போட்டுவிட்டுக் கையை எடுத்தாள். எடுத்த கையோடு நாதஸ்வரம் பின்னோக்கி ஓட ஆரம்பித்தது.

ஆட்டம் வந்துவிட்டது.

மண்டபமே பாய்ந்து, கிடைத்ததைப் பிடித்தது. நாற்காலி, கதவு, பக்கத்தில் இருந்தவரின் முழங்கை. சர்க்கார் இதற்குக் கால அதிர்வு என்று பெயர் வைத்திருக்கிறது. ஊரில் ஆட்டம் என்றால் போதும்.

நேரம் ஆடும்போது எதையாவது இறுகப் பிடித்திருந்தால் பிழைத்தோம். பிடி விட்டவன் எத்தனை வருஷத்தை மறப்பான் என்று யாராலும் சொல்ல முடியாது. போன மாதம் ஒரு தும்மலுக்காகக் கையை விட்ட தபால்காரர், நரைத்த மீசையோடு இன்றைக்கும் ஒன்றாம் வகுப்புப் பையைத் தேடிக்கொண்டிருக்கிறார்.

அவள் தூணைக் கட்டிக்கொண்டாள்.

நின்றது.

தரையில் கிடந்த அட்சதை அவரவர் கைக்குத் திரும்பியிருந்தது. காலைப் பந்திக்காரர்களுக்குத்தான் யோகம். தின்று முடித்த கேசரி முழுசாக இலையில் இருந்தது. சாப்பாட்டுக் கூடத்தில் ஒரே சிரிப்பு.

மணப்பெண் சண்முகக்கனியின் கழுத்தில் ஒரு முடிச்சுதான் மிச்சம். அது மாப்பிள்ளை போட்டது. அவன் அக்காவான இவள் போட்ட இரண்டையும் காணோம்.

காணாமல் என்ன செய்யும்? பட்டும் படாமலும் போட்ட முடிச்சு. அக்கா முறைக்கு வந்து நின்றாளே தவிர, மனசு வரவில்லை. அம்மா போன பிறகு சட்டைக்குப் பொத்தான் தைத்ததிலிருந்து பரீட்சைக்குப் பேனா வாங்கிக் கொடுத்தது வரை அவள்தான். அப்பேர்ப்பட்ட தம்பி இசக்கிராஜன், தன்னைவிட நாலு வயது மூத்தவளைப் பார்த்து, பிடித்து, இரண்டு வருஷம் பழகி, எல்லாம் முடிவான பிறகல்லவா வந்து சொன்னான்? கனியைக் குறை சொல்ல ஒன்றும் இல்லை. அதுவே பாதி எரிச்சல்.

அடுத்த ஆட்டத்துக்குள் முடித்துவிடலாம் என்று ஐயர் அவசரப்படுத்தினார். கெட்டிமேளம் மறுபடி முழங்கியது.

இந்தத் தடவை கொஞ்சம் இறுக்கினாள்.

கொஞ்சம்தான்.

முடிப்பதற்குள் விளக்கின் சுடர் கீழ்நோக்கித் திரும்பியது. சரட்டை விட்டுவிட்டுத் தூணுக்கு ஓடினாள். கனி மணையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

இந்த ஆட்டம் பெரிது; மாப்பிள்ளை போட்டதும் சேர்த்து எல்லா முடிச்சும் அவிழ்ந்தன. தாலி நழுவியது.

அது தரையில் விழக்கூடாது என்று இசக்கிராஜன் மணவறைக் கம்பை விட்டுவிட்டு இரண்டு கையையும் நீட்டினான்.

தாலியைப் பிடித்தும் விட்டான்.

நின்றது. இப்போது யாரும் சிரிக்கவில்லை.

அவன் உள்ளங்கையில் கிடந்த தாலியைப் பார்த்தான். கழுத்து மாலையைப் பார்த்தான். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தான். பிறகு, எதுவும் புரியாதபோது எப்போதும் செய்வதுபோல, அக்காவைத் தேடினான்.

“அக்கா, இவுக யாரு?”

கனியும் திரும்பி இவள் முகத்தைத்தான் பார்த்தாள்.

ஒரு வார்த்தை போதும். யாரோ எவரோ என்று சொன்னால், மாலையைக் கழற்றி வைத்துவிட்டு எழுந்து வந்துவிடுவான். அக்கா சொல்லைத் தட்டாதவன். ஆறு மாதமாக அவள் சாமியிடம் கேட்டது இதைத்தான். வாய் வரைக்கும் வந்தும் விட்டது.

அதற்குள் அவன் மறுபடி கனியின் பக்கம் திரும்பினான்.

திரும்பியவன் திரும்பியபடியே இருந்தான்.

காது மெல்லச் சிவந்தது. தலையைக் கோதினான். சரியாக இருந்த வேட்டியைச் சரிசெய்தான். முன்பின் தெரியாத பெண்ணிடம் என்ன பேசுவது என்று தெரியாமல் அசடு வழிந்தான்.

ஓ, இப்படித்தான் நடந்ததா?

அவள் இல்லாத இடத்தில், அவளுக்குத் தெரியாமல் என்றோ நடந்து முடிந்தது, இப்போது கண் முன்னால் முந்நூறு பேர் சாட்சியாக நடந்தது. இந்தப் பயலுக்கு இப்படியெல்லாம் விழிக்கத் தெரியுமா? பொங்கி வந்த சந்தோஷத்தை மறைத்துக்கொண்டு அவள் அதட்டினாள்.

“நீ கட்டிக்கப்போற பொண்ணு. முழிக்காம தாலியக் கட்டுல.”

நிஜமாகவா என்பதுபோல் அவன் கனியைப் பார்த்தான். கனி தலையாட்டினாள். அவன் வாயெல்லாம் பல்லாகக் கட்டினான்.

அவள் இரண்டாவது முடிச்சை இறுக்கினாள். மூன்றாவதைப் பல்லைக் கடித்துக்கொண்டு இறுக்கினாள். நாதஸ்வரம் மறுபடி பின்னோக்கி ஓடியது. தூண் நாலடி தூரத்தில் இருந்தது.

போகவில்லை.

முடிச்சோடு சேர்த்துக் கனியின் கழுத்தை ஒரு கையால் கட்டிக்கொண்டாள். இன்னொரு கையால் தம்பியின் காதைப் பிடித்தாள். அகப்பட்டது அதுதான். மண்டபம் குலுங்கியது. அட்சதை மேலே பறந்து கீழே வந்தது. கேசரி போய்த் திரும்பியது. அவள் கண்ணை மூடிக்கொண்டு பிடித்திருந்தாள்.

நின்றது.

மூன்றும் இருந்தன.

முந்நூறு பேரும் ஒரே நேரத்தில் அட்சதையை வீசினார்கள். தவில்காரர் தன் பாட்டுக்கு வெளுத்து வாங்கினார். நகராட்சிச் சங்கு ஊதி, ஆபத்து போய்விட்டது என்றது. எல்லோரும் பிடியை விட்டார்கள்.

இரண்டு வருஷக் கதையை இனி கனி அவனுக்கு முதலிலிருந்து சொல்ல வேண்டும். சொல்லட்டும், கேட்க அவனுக்கும் நன்றாகத்தான் இருக்கும்.

தம்பியின் காதை விட்டாள். கனியை விடவில்லை.

கனி தலையைத் திருப்பாமல், அவளுக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னாள்.

“மொதல்லயே இப்பிடிக் கட்டியிருந்தா இந்நேரம் சாப்பிட்டிருக்கலாம், மதினி.”

அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. கண்ணும் நிறைந்தது.

சரட்டில் இன்னும் கொஞ்சம் மிச்சம் இருந்தது.

நான்காவதாக ஒன்றைப் போட்டாள்.