ஆணி இறங்கும் உயரம்

அந்தக் குடியிருப்பில் வீட்டுக் கடனின் அசல் எவ்வளவு அடைந்ததோ, அந்த உயரம் வரைதான் சுவர் ஆணியை உள்ளே விடும். ஏழு வருடம் தவணை கட்டியும் பூங்கோதையின் கல்யாணப் போட்டோ முழங்கால் உயரத்தில்தான் தொங்கியது. கட்டியதில் பெரும்பங்கை வட்டி தின்றிருந்தது.

எதிர்வீட்டுக்காரர் இறந்தார். இன்ஷூரன்ஸ் பணத்தில் அவர் கடன் மொத்தமும் அடைந்தது. அந்த வீட்டில் முதன்முறையாகத் தலைக்கு மேலே ஆணி இறங்கியது. மாலையோடு அவர் படம் ஏறியது.

துக்கம் கேட்டுத் திரும்பிய பூங்கோதை தலைமுழுகிவிட்டு வந்து கணவனிடம் சொன்னாள்:

“ஏங்க, கார் வேணாம். போனஸை அப்படியே அசல்ல போடுங்க.”

“இப்ப என்ன அவசரம்?”

“உங்க படம் மாலை இல்லாமலே மேல ஏறணும்.”