அதிபர் இல்லாத மூன்று மணி நேரம்

"இன்னைக்கு என்ன தேதி?" என்று டாக்டர் கேட்டார்.

"எந்த நாட்காட்டிப்படி?" என்றார் இவர்.

போச்சு. கட்டிலின் கால்மாட்டில் நின்றிருந்த நான் நெற்றியில் அடித்துக்கொண்டேன். டாக்டர் அட்டையில் ஏதோ எழுதினார். எழுதியது நல்லதாக இருக்க வாய்ப்பே இல்லை.

காலையில் அலுவலக ஏணியின் உச்சிப் படியிலிருந்து விழுந்த மனிதர் இவர். பின்மண்டையில் எலுமிச்சம்பழம் அளவுக்கு வீக்கம். ஸ்கேனில் சின்னதாக ஒரு நிழல். கேள்விகளுக்குத் தெளிவாகப் பதில் சொன்னால் பொறுத்துப் பார்க்கலாம், உளறினால் உடனே மண்டையைத் திறக்க வேண்டியதுதான் என்று டாக்டர் என்னிடம் முன்பே சொல்லிவிட்டார்.

எனக்குக் கை கால் ஓடவில்லை. ஏனென்றால், தெளிவாக இருக்கும்போதே இவர் எந்தக் கேள்விக்கும் நேராகப் பதில் சொல்லி நான் பார்த்ததில்லை.

பொது அறிவுப் புத்தகங்களுக்கு உலக வரலாற்றுக் கேள்விகள் எழுதுவது இவர் பிழைப்பு. அதே பதிப்பகத்தில் விடைகளைச் சரிபார்ப்பது என் பிழைப்பு. 1913இல் மெக்சிகோவில் ஒருவர் முக்கால் மணி நேரம் மட்டும் அதிபராக இருந்தார் என்று இவர் எழுதினார். அதைவிடக் குறைவு என்றும் சொல்கிறார்களே என்று நான் ஓரத்தில் குறித்தேன். இரண்டு நாள் நாங்கள் முகம் கொடுத்துப் பேசிக்கொள்ளவில்லை.

"அக்டோபர் புரட்சியே நவம்பர்லதான் வருது டாக்டர். ரஷ்யால அப்போ பழைய நாட்காட்டி."

"தேதியைச் சொல்லித் தொலைங்களேன்!" என்றேன்.

சொன்னார். சரியாக இருந்தது. டாக்டரின் புருவம் கொஞ்சம் இறங்கியது.

"நம்ம நாட்டு அதிபர் யாரு?"

எத்தனையோ நாள் இருக்க, இன்றைக்குத்தானா இதைக் கேட்க வேண்டும்?

இவர் சுவரில் கடிகாரம் தேடினார். இல்லை. "மணி என்ன?"

"பதினொண்ணு அம்பது."

"அப்படின்னா யாரும் இல்ல."

டாக்டரின் பேனா நின்றது. "யாருமே இல்லையா?"

"பத்து நிமிஷம் கழிச்சுக் கேளுங்க. ஒருத்தர் இருப்பாரு."

டாக்டர் நர்ஸைப் பார்த்தார். நர்ஸ் ஆபரேஷன் அறைக்குச் சொல்ல டெலிபோனை எடுத்தாள்.

"டாக்டர், அது சரியான விடை!" என்று கத்தினேன். என்னையும் ஒரு மாதிரி பார்த்தார்.

பாவம், அவருக்கு எப்படித் தெரியும்? நேற்று மாலையிலிருந்து வார்டை விட்டு நகராத மனிதர். முப்பது வருடமாக நாற்காலியை விடாதவர் பதவி விலகிவிட்டார் என்று ஒன்பது மணிச் செய்தியில்தான் சொன்னார்கள். அடுத்தவர் பன்னிரண்டு மணிக்குத்தான் பதவி ஏற்கிறார். அந்தச் செய்தியைக் கேட்டுத்தான் இவர் ஏணி உச்சியில் நின்றபடி இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு ஆடினார். ஏணிக்கு அந்த அளவு அரசியல் ஆர்வம் இல்லை.

மூச்சு விடாமல் இதையெல்லாம் கொட்டித் தீர்த்தேன். நர்ஸ் டெலிபோனை வைத்துவிட்டுத் தன் கைப்பேசியைப் பார்த்தாள். "அய்யோ!" என்று வாயைப் பொத்திக்கொண்டு அதை டாக்டரிடம் நீட்டினாள்.

டாக்டர் படித்தார். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடியும் படித்தார்.

"போயிட்டாரா? நிஜமாவே போயிட்டாரா?"

கட்டில் கம்பியில் இரண்டு தட்டுத் தட்டினார். நர்ஸ் சிரித்தாள், நான் சிரித்தேன், தலையை ஆட்டக் கூடாது என்று சொல்லப்பட்டவர் தலையை ஆட்டி ஆட்டிச் சிரித்தார். பக்கத்துக் கட்டிலில் கால் முறிந்து கிடந்தவர் என்ன ஏது என்று கேட்காமலே சேர்ந்து சிரித்தார். டாக்டர் அட்டையில் எழுதியதை அடித்துவிட்டுச் சரி போட்டார்.

"அரசியலே வேணாம். கடைசியா ஒண்ணு." என்னைக் காட்டினார். "இவங்க யாரு?"

"என் மனைவி."

யோசிக்கவே இல்லை. டாக்டர் அதற்கும் சரி போட்டார்.

இன்றைக்கு இவர் சொன்னதிலேயே தப்பான விடை அது ஒன்றுதான்.

சொந்தக்காரர்கள் தவிர யாரும் உள்ளே வரக் கூடாது என்று வாசலில் மறித்தபோது நான் அவிழ்த்துவிட்ட பொய். கண்ணை மூடிக் கிடந்தவருக்குக் காது நன்றாகவே கேட்டிருக்கிறது. ஏழு வருடமாக எதிரெதிர் மேஜையில் உட்கார்ந்து உலகத்தில் உள்ள கேள்வியை எல்லாம் என்னிடம் கேட்டிருக்கிறார், கேட்க வேண்டிய ஒன்றைத் தவிர. இப்போது விடையை மட்டும் சொல்லிவிட்டுக் கூரையைப் பார்க்கிறார்.

விடையைத் திருத்துவதற்குத்தான் எனக்குச் சம்பளம். வாயைத் திறக்கவில்லை. சந்தோஷத்தில் காது மடல் வரை சுட்டது, மறைப்பானேன்.

"கல்யாணமாகி எத்தனை வருஷம்?" டாக்டர் உற்சாகத்தில் கேட்டுவைத்தார்.

தேதி என்றால் தூக்கத்திலும் சொல்கிறவர் திருதிருவென்று விழித்தார். "அது... அதை அவங்கதான் சொல்லணும்."

டாக்டரின் முகம் மாறியது. பேனா மறுபடி அட்டைக்குப் போனது. இன்னும் தாமதித்தால் நிஜமாகவே மண்டையைத் திறந்துவிடுவார்கள்.

"அடுத்த மாசம் பதினாலாம் தேதிதான் கல்யாணம்," என்றேன்.

டாக்டர் சட்டைப்பையிலிருந்து சின்ன டார்ச்சை எடுத்தார். கிட்டே வந்து, என் கண்ணில் அடித்துப் பார்த்தார்.